அண்ணாவின்ர நீல ஃபைல்

எங்கட வீட்டு அலுமாரிக்கு மேல ஒரு நீல ஃபைல் கிடக்கு. வெள்ளம் வந்தா முதல்ல தூக்க வேண்டியது அதுதான் எண்டு அம்மா சொல்லி வச்சிருக்கிறா, காணிப் பெர்மிற்கூட அதுக்குப் பிறகுதான். உள்ளுக்க என்ன இருக்கெண்டா, அண்ணாவுக்கு இடது கால் முழங்காலுக்கு மேல இல்லை எண்டு டொக்டர்மார் எழுதித் தந்த துண்டு நாலு (நாலும் வேற வேற வருசம், வேற வேற அலுவலுக்கு எடுத்தது), விதானையாரின்ர (கிராம சேவகரின்ர) கடிதம் ஆறேழு, முன்னாள் போராளியளுக்கு அரசாங்கம் வச்ச புனர்வாழ்வு முடிச்சு வெளிய வரேக்க குடுத்த சேர்ட்டிபிக்கற், குடும்ப அட்டை, பாங்க் புத்தகத்தின்ர முதல் பக்கத்துக் கொப்பி, பிறகு படங்கள். ஒரு படம் முழுப்படம். கால் இல்லாதது தெரியிற மாதிரி எடுத்துக்கொண்டு வரச் சொல்லி ஒரு கந்தோரில சொன்னதால எடுத்தது. ஸ்ரூடியோவில அண்ணா சாரத்தைத் தூக்கிப் பிடிச்சுக்கொண்டு நிண்டார், படமெடுத்த பெடியன் அவற்ற முகத்தைப் பாக்கேலாமல் கமராவுக்குள்ளயே தலையை வச்சுக்கொண்டு "அண்ணை, கொஞ்சம் நிமிர்ந்து" எண்டான். நான் வெளிய வந்து நிண்டிட்டன்.

கால் போனது 2000ஆம் ஆண்டு. அப்ப அண்ணாவுக்கு 19 வயசு. முதல் பொய்க்கால் வெண்புறா எண்ட நிறுவனத்தில செய்தது, வன்னியில அந்த நேரம் கால் கை போன ஆக்களுக்கு அவைதான். அந்தக் காலோடதான் 2009இல சனத்தோட சனமா நடந்தவர், கடைசியில மாத்தளன் பக்கம் மணலுக்குள்ள அதை இழுத்து நடக்க ஏலாமல் ஒரு பங்கருக்குள்ள கழட்டி விட்டிட்டு கம்பை ஊண்டிக்கொண்டு வந்தவர். பிறகு புனர்வாழ்வு முகாம், 2011இல வீடு. இப்ப போட்டிருக்கிற கால் யாழ்ப்பாணத்தில ஜெய்ப்பூர் நிலையத்தில செய்தது. 1987இல தொடங்கின இடம், எத்தினையோ ஆயிரம் பேரை நடக்க வச்ச இடம், அதுக்கு நான் எப்பவும் கையெடுத்துக் கும்பிடுவன். ஆனா முழங்காலுக்கு மேல போன கால் எண்டா பாரம் கூட, கிளிநொச்சி வெயிலுக்கு உள்ளுக்க வேர்த்து தோல் உரிஞ்சு புண்ணாகும், உடம்பு மெலிஞ்சா கிண்ணம் (மிச்சக் கால் உள்ளுக்க போய் இருக்கிற பகுதி) லூசாகும், கொழுத்தா ஏறாது. வருசத்தில ஒருக்காவாவது போய்க் காட்ட வேணும், சில வருசத்துக்கொருக்கா புதுசு வேணும். ஆக, ஒருக்கா குடுத்திட்டு முடிஞ்சுது எண்டு சொல்லுற உதவியில்லை இது. ஆள் இருக்கும் மட்டும் இருக்கிற தேவை.

இதெல்லாத்தையும் இப்ப எழுதுறதுக்குக் காரணம் மச்சான். மாமாவின்ர மகன், ரெக்சாஸில ஹூஸ்ரனில இருக்கிறான். போன மாசம் போன் எடுத்து அண்ணாவின்ர காலைப் பற்றி விசாரிச்சுப்போட்டு, தன்ர பக்கத்து வீட்டு ஆளைப் பற்றிச் சொன்னான். ஈராக்கில காயப்பட்ட அமெரிக்க ஆமிக்காரர். அவருக்கு வீட்டு வரி ஒரு சதமும் இல்லையாம். நான் முதல் நம்பேல்லை. அங்க வீட்டு வரி எண்டுறது எங்கட சோலைவரி மாதிரித்தான், ஆனா வருசத்துக்கு ஆயிரக்கணக்கான டொலர் போகும், ரெக்சாஸில மாநிலத்துக்கு வருமான வரி இல்லாததால பள்ளிக்கூடம், கவுண்ரி (எங்கட மாவட்டம் மாதிரி) எல்லாம் பெரும்பாலும் அந்த வீட்டு வரியிலதான் ஓடுது. அதை முழுசா விட்டுக்குடுக்கிறதெண்டா பெரிய விசயம். அது எந்த வருசத்தில இருந்து எண்டு தேடிப் பாத்தன். 2009. எங்களுக்கு எல்லாம் முடிஞ்ச வருசத்தில அங்க அந்தச் சட்டம் வந்திருக்கு. போனை வச்சிட்டு நான் கனநேரம் அப்பிடியே இருந்திட்டன்.

பிறகு ரெண்டு மூண்டு இரவு இருந்து வாசிச்சன், மச்சானிட்டையும் திருப்பித் திருப்பிக் கேட்டன். எனக்கு விளங்கினதை என்ர பாசையில சொல்லுறன். அங்க மத்திய அரசாங்கத்தில வீஏ எண்டு ஒரு திணைக்களம், பழைய படையாக்களைப் பாக்கிறதுதான் அதின்ர வேலை. அவை ஒவ்வொரு காயத்துக்கும் வீதம் போடுவினம், 0, 10, 20 எண்டு 100 மட்டும். ரெண்டு காயம் எண்டா சும்மா கூட்டுறேல்லை. ஒண்டுக்கு 50, இன்னொண்டுக்கு 30 எண்டு வைப்பம். 50 போனா ஆளில மிச்சம் 50, அந்த மிச்சத்தில 30 வீதம் 15, அப்ப மொத்தம் 65, அதை 70 எண்டு எழுதுவினம். மிச்சமிருக்கிற ஆளில இருந்து கழிக்கிற கணக்கு. ஒரு காயம் 60 வீதமா இருந்து, அதால நிலையா ஒரு வேலை செய்ய ஏலாது எண்டு காட்டினாலும் 100க்குரிய காசே கிடைக்க வழி இருக்கு. தனி ஆளுக்கு 100 வீதம் எண்டா 2025இல மாசம் 3,800 டொலருக்கு மேல. எங்கட காசில 11 லட்சத்துக்கு மேல வரும், அதை அண்ணாவுக்குச் சொல்லேல்லை நான்.

காசு ஒரு பக்கம். என்னை உலுக்கினது மற்றது. அந்த 100 வீதம் எண்டு எழுதின ஒரு கடிதம், ஒரேயொரு தாள், அதைக் கொண்டுபோனா மற்றக் கதவெல்லாம் திறக்குது. மத்திய அரசு எழுதின தாளை மாநிலமும் கவுண்ரியும் அப்பிடியே ஏற்குது. வீட்டு வரிக்கு அந்தத் தாள்தான். 100 இல்லாமல் 10 வீதம் 30 வீதம் எண்டு இருக்கிற ஆக்களுக்கும் வீட்டின்ர பெறுமதியில 5,000 டொலரில இருந்து 12,000 டொலர் வரைக்கும் கழிச்சுத்தான் வரி. ஆள் செத்தா மனிசி மறுமணம் செய்யாமல் அந்த வீட்டிலயே இருக்கு மட்டும் அந்த வரிவிலக்கு அவவுக்குத் தொடரும். படிப்புக்கு ஹேசில்வூட் எண்டு ரெக்சாஸ் மாநிலத்தின்ர சட்டம், அதுக்குக் காயப்பட்டிருக்கக்கூடத் தேவையில்லை, அரச பல்கலைக்கழகத்தில 150 கிரெடிற் மணித்தியாலம் வரைக்கும் படிப்புக் கட்டணம் இல்லை, தான் படிக்காட்டி பிள்ளைக்கு மாத்திக் குடுக்கலாம். காருக்கு வேற நம்பர் பிளேற், அது இருந்தா அரசாங்கம் வச்சிருக்கிற பார்க்கிங் மீற்றருக்குக் காசு போடத் தேவையில்லை. மாநிலப் பூங்காவுக்குக் காசில்லை, மீன் பிடிக்கிற லைசென்சுக்குக் காசில்லை. மீன் பிடிக்கிற லைசென்ஸ் எண்டதை வாசிக்கேக்க இரணைமடுக் குளக்கட்டில தூண்டிலோட இருக்கிற அண்ணாவை நினைச்சன், ஒரு கால் இல்லாத மனிசன் ஒரு பின்னேரம் சந்தோசமா இருக்க வேணும் எண்டதையும் ஒரு அரசாங்கம் யோசிச்சு எழுதி வச்சிருக்கு.

அதுக்கு மேல இன்னொண்டு. கவுண்ரி ஒபிசில ஒரு ஆள் இருக்கிறார், இந்தப் பழைய படையாக்களுக்குப் போம் நிரப்பிக் குடுக்கிறதுதான் அவற்ற உத்தியோகம். காசு வாங்கேலாது. ரெண்டு லட்சம் சனத்துக்கு மேல இருக்கிற கவுண்ரியில அப்பிடி ஒரு கந்தோர் கட்டாயம் இருக்க வேணும் எண்டு ரெக்சாஸில சட்டமே இருக்கு. மச்சானின்ர பக்கத்து வீட்டுக்காரரும் 100 வீதம் எடுக்க மூண்டு வருசம் அலைஞ்சவராம், முதல்தரம் இல்லையெண்டு கடிதம் வந்ததாம், பிறகு அந்தக் கவுண்ரி ஆள்தான் பழைய ஆஸ்பத்திரித் துண்டெல்லாம் தேடிச் சேத்துக் குடுத்து எடுத்துக் குடுத்தவராம். அங்கயும் அலைச்சல் இருக்கு. ஆனா அலையேக்க கூட ஒரு ஆள் வருது.

அமெரிக்கா காசுள்ள நாடு, அது தன்ர ஆமிக்குச் செய்யிறதை எங்கட அரசாங்கம் எங்கட பெடியளுக்குச் செய்ய வேணுமெண்டு நான் கேக்கப் போறேல்லை, எனக்கு நிலவரம் தெரியும். நான் கேக்கிறது ரெண்டு. ஒரு தாள். ஒரு ஆள். இதுக்கு டொலர் தேவையில்லை.

இஞ்ச என்ன இருக்கெண்டு சொல்லுறன், ஏனெண்டா இதுகூடத் தெரியாமல் கன சனம் இருக்கு. மாசாந்த மாற்றுத்திறனாளி கொடுப்பனவு ஒண்டு இருக்கு. முந்தி 3,000, பிறகு 5,000, 2024இல 7,500 ஆக்கினவை, 2025 ஏப்ரலில இருந்து 10,000. விதானையாரிட்ட தொடங்கி, பிரதேச செயலகத்தில (அம்மா இப்பவும் ஏஜிஏ கந்தோர் எண்டுதான் சொல்லுவா) சமூக சேவை உத்தியோகத்தரிட்டப் போய், அரசாங்க டொக்டரின்ர மெடிக்கல் சேர்ட்டிபிக்கற் வச்சுக் குடுக்க வேணும். குடும்ப வருமானம் பாப்பினம். இப்ப அஸ்வெசும (வறிய குடும்பங்களுக்கான அரசாங்க உதவித் திட்டம்) வந்த பிறகு நலன்புரிப் பக்கத்துப் பதிவோடயும் கொழுவி இருக்கு, ஆனபடியா அந்தப் பதிவில ஆளின்ர ஊனம் சரியா எழுதுப்பட்டிருக்கோ எண்டு ஒருக்கா வடிவாப் பாருங்கோ. இது இல்லாமல் வீல் செயார், ஊண்டுகோல், காது மெசின், கண்ணாடி, வீடு திருத்த, மலசலகூடம் மாத்திக் கட்ட, சுயதொழில், மருத்துவச் செலவு எண்டு தனித்தனி உதவிகள் அதே சமூக சேவைப் பக்கத்தால இருக்கு. மலசலகூடத்தைச் சின்ன விசயமா நினைக்காதேங்கோ. அண்ணாவால குந்தி இருக்க ஏலாது. கொமட் வைக்கு மட்டும், அதாவது வீட்டுக்கு வந்து அஞ்சு வருசம், ஒரு பிளாஸ்ரிக் கதிரையின்ர நடுவை வெட்டி அதை வச்சுத்தான் அவற்ற காலமை நடந்தது. அந்த உதவி இருக்கெண்டு எங்களுக்கு ஒருதரும் சொல்லேல்லை, நாங்களும் கேக்கேல்லை.

மாகாண சபைப் பக்கத்தால குடுக்கிற பொதுசன உதவிப்பணம் வேற ஒண்டு. அதுக்கு எங்கட ஊரில என்ன பேர் தெரியும்தானே. பிச்சைச் சம்பளம். அம்மம்மா காலத்தில இருந்து அந்தப் பேர். அண்ணா ஒருக்கா, அவர் வாய் திறந்து கதைக்கிறதே குறைவு, "உந்தப் பேரிருக்கு மட்டும் நான் உதுக்குக் கையெழுத்து வைக்கமாட்டன்" எண்டவர். நாங்கள் வற்புறுத்தேல்லை. சனத்தின்ர வாயில இருந்து அந்தப் பேர் போக வேணும், அதை நாங்கள்தான் செய்யலாம். வரி கட்டுற நாட்டில, தேத்தண்ணிக்குச் சீனி வாங்கினாலும் வரி கட்டுற நாட்டில, இது ஒருதரும் போடுற பிச்சையில்லை.

1988இல வந்த ஒரு சுற்றறிக்கை இருக்கு, அரசாங்க வேலை வெற்றிடத்தில 3 வீதம் ஊனமுற்ற ஆக்களுக்கு எண்டு. நான் பிறக்க முதல் வந்தது. எங்கட பக்கம் அதால வேலை எடுத்த ஆள் ஒருதரை எனக்குத் தெரியாது.

இனி நான் முக்கியமாச் சொல்ல வந்ததுக்கு வாறன். எங்கட பக்கத்தில கன பேர், முக்கியமா முன்னாள் போராளியள், இந்தக் கந்தோருகளுக்குப் போகாமல் இருக்கிறதுக்குக் காரணம் போமில ஒரு கட்டம். ஊனம் எப்பிடி வந்தது. அண்ணா எப்பவும் "விபத்து" எண்டுதான் எழுதுவார். ஒருக்கா ஒரு கந்தோரில, எந்தக் கந்தோர் எண்டு நான் சொல்லேல்லை, மேசைக்கு அங்கால இருந்தவர் "என்ன விபத்து, வாகனமோ" எண்டு கேட்டார், அண்ணா ஓம் எண்டார், "என்ன வாகனம், பொலிஸ் என்ரி எங்க" எண்டு கேட்டார், அண்ணா எழும்பி ஊண்டுகோலை எடுத்துக்கொண்டு வந்திட்டார். அவ்வளவுதான். அந்த விண்ணப்பம் அதோட சரி, ரெண்டு வருசம். அவர் கெட்ட எண்ணத்தில கேட்டவர் எண்டும் நான் சொல்லமாட்டன், தன்ர போமை நிரப்ப வேணும் அவருக்கு. ஆனா மூண்டு தரம் விசாரணைக்குப் போய் வந்த மனிசனுக்கு, இப்பவும் வீட்டு வாசலில தெரியாத மோட்டர்சைக்கிள் நிண்டா கை வேர்க்கிற மனிசனுக்கு, அந்தக் கேள்வி வேற மாதிரிக் கேக்கும்.

இதை வடிவா வாசியுங்கோ. 1996ஆம் ஆண்டு 28ஆம் இலக்கச் சட்டம், மாற்றுத்திறனாளியளின்ர உரிமையைப் பாதுகாக்கிற சட்டம், அதில ஊனமுற்ற ஆள் எண்டா ஆர் எண்டு எழுதியிருக்கு. உடம்பிலயோ மனதிலயோ குறைபாடு, பிறவியில வந்தாலும் சரி பிறகு வந்தாலும் சரி, அதால தன்ர சீவியத்துக்கு வேண்டியதைத் தானே முழுசாவோ கொஞ்சமாவோ செய்ய ஏலாத ஆள். அவ்வளவுதான். என்ன உடுப்புப் போட்டிருக்கேக்க காயப்பட்டது எண்டு சட்டம் கேக்கேல்லை. செல் விழுந்ததோ, மிதிவெடியோ, பனையால விழுந்ததோ, பாரிசவாதமோ, எல்லாம் ஒண்டு. ஐநாவின்ர மாற்றுத்திறனாளியள் உடன்படிக்கையையும் இலங்கை 2016இல ஏற்றிருக்கு. மிதிவெடித் தடை உடன்படிக்கையிலயும் 2017 கடைசியில சேந்தது, அதில வெடியால பாதிக்கப்பட்ட ஆக்களைப் பாக்கிறதும் ஒரு பொறுப்பு. ஆக, அந்த மாசக் கொடுப்பனவைக் கேக்கப் போற ஆள் தன்ர சரித்திரம் சொல்லத் தேவையில்லை, டொக்டர் எழுதினது காணும்.

போன வருசம் நான் அந்தச் சட்டத்தை அண்ணாவுக்கு வாசிச்சுக் காட்டினன். ரெண்டு நாள் ஒண்டும் சொல்லேல்லை. பிறகு பேனையை வாங்கி அந்தக் கட்டத்தில தானே எழுதினார், "யுத்தம்". ஒரு சொல். சமூக சேவை உத்தியோகத்தர் பிள்ளை, இப்ப இருக்கிறவ, அதை வாசிச்சிட்டு ஒண்டும் கேக்காமல் அடுத்த பக்கத்துக்குப் போனா. அந்தப் பிள்ளைக்கு நான் மனசுக்குள்ள நூறு தரம் நன்றி சொன்னன். பேர் பட்டியலில ஏறி, காத்திருந்து, காசு கையில வர பேந்தும் கன மாசம் எடுத்தது, ஆனா வந்தது.

இந்த யுத்தத்தில மற்றப் பக்கம் நிண்டு கால் குடுத்த பெடியளையும் நான் மறக்கேல்லை. அவைக்கு 1999இல சட்டம் போட்டு ரணவிரு சேவா அதிகாரசபை எண்டு இருக்கு, வவுனியா தாண்டி அனுராதபுரம் போனா அபிமன்சல எண்டு பெரிய இடம், கடுமையாக் காயப்பட்ட சிப்பாய்களை வச்சுப் பாக்கிறது. ஆனா அவையும் 2016 நவம்பரில கொழும்பில றோட்டில இருந்தவை, 12 வருச சேவை முடியமுதல் காயப்பட்டு விலகின ஆக்களுக்குப் பென்சன் இல்லை எண்டு. 12 வருசம் முடியட்டும் எண்டு செல் பாத்து விழுறதில்லைத்தானே. அதை ரீவீயில பாத்தபோது நான் அண்ணாவின்ர முகத்தைத்தான் பாத்துக்கொண்டிருந்தன், என்ன நினைக்கிறாரோ எண்டு. ஒரு சிப்பாய் ஊண்டுகோலோட தார் றோட்டில நிக்கிறதைக் கிட்டக் காட்டினவை. அண்ணா சொன்னார், "அவன்ர தடியில ரப்பர் தேஞ்சு போச்சு, மழைக்கு வழுக்கப் போகுது." வேற ஒண்டும் சொல்லேல்லை. ஊண்டுகோலுக்குக் கீழ போடுற அந்த ரப்பர் மூடி, அது தேயத் தேய ஈரச் சீமெந்தில ஆள் விழும், அண்ணா அப்பிடி விழுந்து கை முறிஞ்சவர். அந்த வலி அவருக்குத் தெரியும், எதிரில ஆர் எண்டெல்லாம் அவருக்கு வரேல்லை.

எங்கட ஒழுங்கையில ஒரு அக்கா இருக்கிறா. 2009 மே, முதுகில செல் துண்டு, இடுப்புக்குக் கீழ அசையாது. அவ போராளியுமில்லை ஒண்டுமில்லை, கஞ்சிக்கு வரிசையில நிண்டவ. முள்ளந்தண்டு வடம் போன ஆக்களின்ர சீவியத்தை வெளியில இருந்து பாக்கிற ஆக்களுக்கு வீல் செயார் மட்டும்தான் தெரியும். உண்மையில அது சின்ன விசயம். கதீற்றர் மாத்த வேணும், சலத்தில கிருமி வந்தா காய்ச்சல், படுக்கைப்புண் வந்தா மாசக்கணக்கில ஆறாது. இரவில ரெண்டு மணித்தியாலத்துக்கு ஒருக்கா திருப்பிப் படுக்க வைக்க வேணும். அதைச் செய்யிறது அவவின்ர அம்மா, 70 தாண்டிட்டுது, தலைமாட்டில ஒரு பழைய அலாரம் மணிக்கூடு வச்சிருக்கிறா. 2009இல இருந்து அந்த அம்மா ஒரு இரவும் முழுசா நித்திரை கொள்ளேல்லை. நான் ஒரு கிழமை போய் நிண்டனான், அம்மாவுக்குக் காய்ச்சல் வந்தபோது. மூண்டாம் நாள் எனக்குக் கண் இருட்டிச்சு.

இந்த இடத்திலதான் ரெக்சாஸ் கதை எனக்குத் திரும்ப வருது. அங்க மத்திய அரசாங்கத்தில வீட்டில வச்சுப் பாக்கிற ஆளுக்கும், மனிசியோ தாயோ, மாசம் காசு குடுக்கிற திட்டம் இருக்கு, பாக்கிறதும் ஒரு வேலை எண்டு ஏற்றுக்கொண்டு. எங்கட பக்கத்தில அக்காவுக்கு வாறதும் அதே 10,000, ஒரு கால் போன ஆளுக்கும் அதே 10,000, தாய்க்கு ஒண்டுமில்லை. பம்பஸ், பஞ்சு, கையுறை, மருந்து வைக்கிற துணி, இதுகளுக்கே அது காணாது. படுக்கையில இருக்கிற ஆக்களுக்கு வேற கணக்குப் போட வேணும். மிச்சமிருக்கிற ஆளில இருந்து கழிக்கிற கணக்கை நான் சொன்னன்தானே, அப்பிடி ஒரு அளவுகோல் இஞ்சயும் வேணும். ஒருக்கா அளந்து ஒரு தாளில எழுதிக் குடுங்கோ, நிரந்தரம் எண்டும் எழுதுங்கோ, முளைக்காத காலை வருசா வருசம் ஏன் டொக்டரிட்டக் காட்ட வேணும். அந்தத் தாளைப் பிரதேச செயலகமும் பிரதேச சபையும் பாங்கும் பஸ்காரரும் ஏற்கட்டும்.

மாங்குளத்தைப் பற்றியும் சொல்ல வேணும், நல்லதைச் சொல்லாமல் விடக்கூடாது. 2024இல அங்க நெதர்லாந்துக் காசு உதவியோட புனர்வாழ்வுச் சிகிச்சைக்கெண்டு ஆஸ்பத்திரி திறந்தவை, வன்னிக்கு நடுவில, ஏ9 றோட்டுப் பக்கம். முதல் இதுக்கெல்லாம் யாழ்ப்பாணமோ கொழும்புப் பக்கமோ எண்டு அலைஞ்ச சனத்துக்கு அது பெரிய காரியம். அக்காவை அங்க கொண்டுபோன நாள் பிசியோ செய்யிற தம்பி அவவின்ர கையைப் பிடிச்சு வீல் செயாரில இருந்து கட்டிலுக்கு அவவே மாறுறதுக்குப் பழக்கினார், பலகைத் துண்டு ஒண்டை வச்சு சறுக்கி. 15 வருசத்தில முதல்தரம் வேற ஆள் தூக்காமல் இடம் மாறினவ. அழுதவ, நாங்களும் அழுதம். ஆனா அங்க போறதுக்கு ஓட்டோ பிடிக்க வேணும், பஸ் படி எவ்வளவு உயரம் எண்டு உங்களுக்குத் தெரியும்.

படியைச் சொன்னா இன்னொண்டு. பொதுக் கட்டடங்களுக்கு சாய்தளம் வேணுமெண்டு 2006இல ஒழுங்குவிதி வந்தது, அஜித் பெரேரா எண்டு வீல் செயாரில இருந்த ஒரு மனிசன் உயர்நீதிமன்றம் (சுப்ரீம் கோட்) மட்டும் போய் 2011இல கட்டளையும் எடுத்தவர். கட்டளை இருக்கு. எங்கட அண்ணா மெடிக்கலுக்குப் போன ஒரு கட்டடத்தில டொக்டர் இருந்தது மேல்மாடியில. கால் இல்லை எண்டு எழுதித் தாறதுக்கு 22 படி ஏற வேணும். அண்ணா இருந்து இருந்து பின்பக்கத்தால ஏறினார், நான் பொய்க்காலையும் ஃபைலையும் தூக்கிக்கொண்டு பின்னால போனன்.

ஆளைப் பற்றிச் சொன்னன், அந்தக் கவுண்ரி ஒபிஸ் ஆளைப் போல. ஒவ்வொரு பிரதேச செயலகத்திலயும், கரைச்சி, கண்டாவளை, புதுக்குடியிருப்பு, ஒட்டுசுட்டான், எல்லாத்திலயும், கிழமையில ஒரு நாளாவது, கீழ்மாடியில, ஒரு மேசை. தமிழில கதைக்கிற, போம் நிரப்பிக் குடுக்கிற ஆள். முடியுமெண்டா அந்த வேலையையும் கால் கை இழந்த ஒரு ஆளுக்கே குடுங்கோ, அந்த 3 வீதம் சும்மாதானே கிடக்கு. அது வரு மட்டும் நான் இதைச் செய்யிறன், பெரிய ஆளில்லை நான், ஓஎல் படிச்சுப்போட்டுத் தைக்கிறன், ஆனா போம் நிரப்பப் பழகிட்டன். இது வரைக்கும் 14 பேருக்குச் செய்திருக்கிறன்.

போற ஆக்கள் கவனிக்க வேண்டியது சிலது. மெடிக்கல் எடுக்கேக்க டொக்டரிட்டச் சொல்லி "நிரந்தரம்" எண்ட சொல்லை எழுதச் சொல்லிக் கேளுங்கோ, வெக்கப்படாதேங்கோ. ஒரிஜினலை ஒரு இடத்திலயும் குடுக்காதேங்கோ, கொப்பிதான், எங்கட முதல் சேர்ட்டிபிக்கற் அப்பிடித்தான் ஒரு கந்தோரில துலைஞ்சது. குடுத்த நாளையும் வாங்கின ஆளின்ர பதவியையும் கொப்பியின்ர பின்பக்கத்தில எழுதி வையுங்கோ. இழப்பீட்டு அலுவலகம், 2018 சட்டத்தில வந்தது, அது வேற, அதுக்குக் காயப்பட்ட விபரம் தேவைப்படும், மாசக் கொடுப்பனவோட அதைப் போட்டுக் குழப்பாதேங்கோ. பேர் ஐசியிலயும் (அடையாள அட்டை) பாங்க் புத்தகத்திலயும் ஒரே எழுத்தில இருக்கோ எண்டு பாருங்கோ, முதலெழுத்து மாறினாலே திரும்பி வரும்.

நாளைக்கு அக்காவின்ர அலுவல். மலசலகூட உதவிக்குப் போம் நிரப்பியாச்சு, விதானையார் வியாழக்கிழமை கையெழுத்து வைக்கிறன் எண்டவர். ஆனா அவவின்ர பாங்க் புத்தகம் தாயோட கூட்டுக் கணக்கா இருக்கு, தனிக் கணக்கு வேணுமாம். வீல் செயாரை பாங்குக்குள்ள கொண்டுபோக ரெண்டு படி, அதுக்கு முன்வீட்டுத் தம்பி ஒரு பலகை கொண்டு வாறன் எண்டிருக்கிறான், அதால காலமை எட்டரைக்கே வெளிக்கிடுறம்.